கோர்ட் சம்மனை வாங்காமல் விட்டால் வழக்கு நின்றுவிடுமா? மனுவுக்குப் பதில் சொல்லாதவருக்கு என்ன நடக்கும்?

"தபால்காரர் வந்தார், நான் கையெழுத்துப் போடல. வாங்காத சம்மனுக்கு கோர்ட் என்ன பண்ண முடியும்?" ஊர்ப்பக்கம் பரவலாக இருக்கும் நம்பிக்கை இது. சட்டம் சொல்வது நேர் எதிர். நீங்கள் போகவில்லை என்றால் வழக்கு நிற்காது. நீங்கள் இல்லாமலேயே நடக்கும், தீர்ப்பும் வரும். எதிர்த்து வாதாடித் தோற்றவருக்கு வரும் தீர்ப்புக்கு என்ன பலமோ, அதே பலம் அதற்கும் உண்டு.

திரும்பி வர வழியே இல்லையா என்றால், இருக்கிறது. ஆனால் நாள் போகப் போக அந்த வழி குறுகிக்கொண்டே போகும், செலவும் கூடும். எந்தக் கட்டத்தில் என்ன நடக்கும், எதுவரை சரிசெய்யலாம் என்பதை வரிசையாகப் பார்க்கலாம்.

புரிவதற்காக ஒரு கற்பனை உதாரணம். சேந்தமங்கலத்தில் மரவள்ளி பயிரிடும் விவசாயி ஒருவர், புரோநோட்டு எழுதிக் கொடுத்து 3 லட்சம் ரூபாய் கடன் வாங்கினார். அதில் 2 லட்சத்தை வங்கிக் கணக்கு மூலம் திருப்பி அனுப்பிவிட்டார். புரோநோட்டின் பின்பக்கம் வரவு எழுதி வாங்கவில்லை. கடன் கொடுத்தவர் முழு 3 லட்சத்தையும் வட்டியோடு கேட்டு வழக்குப் போடுகிறார். இந்த விவசாயி கோர்ட்டுக்குப் போனால் என்ன, போகாவிட்டால் என்ன?

முதலில், கைக்கு வந்த தாள் எது?

எல்லாவற்றையும் "வக்கீல் நோட்டீஸ்" என்று சொல்லிவிடுகிறோம். மூன்றும் வேறு வேறு.

வக்கீல் நோட்டீஸ் என்பது எதிர்த்தரப்பு வழக்கறிஞர் அனுப்பும் கடிதம். இதற்குப் பதில் போடவில்லை என்பதற்காக மட்டும் யாரும் தீர்ப்பு எழுதிவிட முடியாது. ஆனால் பின்னால் வழக்கு நடக்கும்போது, "அப்பவே ஏன் மறுக்கலை?" என்ற கேள்வி உங்கள் மேல் விழும். செக் பவுன்ஸ் நோட்டீஸ் என்றால் நிலைமை இன்னும் தீவிரம். அதைப் பின்னால் பார்க்கலாம்.

சம்மன் அல்லது நீதிமன்ற நோட்டீஸ் என்பது கோர்ட்டே அனுப்புவது. அதில் நீதிமன்றத்தின் பெயர், முத்திரை, வழக்கு எண், ஆஜராக வேண்டிய தேதி இருக்கும். வழக்கின் நகலும் சேர்ந்து வரும். தாவா என்றால் உங்களைப் 'பிரதிவாதி' என்று குறிப்பிட்டிருப்பார்கள். மனு என்றால் 'எதிர்மனுதாரர்'.

மூன்றாவது, நிறைவேற்று மனுவில் வரும் நோட்டீஸ். 'ஈ.பி. நோட்டீஸ்' என்பார்கள். இது வந்தால் வழக்கு ஏற்கெனவே முடிந்து, தீர்ப்பாணையை அமல்படுத்தும் கட்டத்துக்கு வந்துவிட்டது என்று அர்த்தம். தன் மேல் இப்படி ஒரு வழக்கு நடந்ததே பலருக்கு இந்தத் தாளைப் பார்த்த பிறகுதான் தெரியவருகிறது.

வாங்க மறுத்தால் என்ன ஆகும்?

சிவில் வழக்குகளுக்கான 1908-ம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டம், சம்மனை எப்படிச் சேர்ப்பிக்க வேண்டும் என்று கட்டளை 5-ல் விரிவாகச் சொல்கிறது. பதிவுத் தபாலில் வந்ததை வாங்க மறுத்து, 'மறுத்துவிட்டார்' என்ற குறிப்போடு அது திரும்பினால், சம்மன் முறையாகச் சேர்ந்துவிட்டதாகவே கோர்ட் எடுத்துக்கொள்ளலாம்.

கோர்ட் அமீனா நேரில் வந்தபோது நீங்கள் வீட்டில் இல்லை, சீக்கிரம் திரும்பும் நிலையிலும் இல்லை என்றால், வீட்டில் இருக்கும் வயது வந்த குடும்ப உறுப்பினர் ஆணோ பெண்ணோ அவரிடம் கொடுக்கலாம். லாரியில் வடக்கே போனவருக்கும், திருப்பூரிலோ பெங்களூரிலோ வேலைக்கு இருப்பவருக்கும் இது முக்கியம். ஊரில் அம்மா கையெழுத்துப் போட்டு வாங்கி, பரண் மேல் வைத்து மறந்திருந்தாலும் அது உங்களுக்குச் சேர்ந்த சம்மன்தான்.

யாரும் வாங்கவில்லை, ஆளையும் பிடிக்க முடியவில்லை என்றால் வீட்டுக் கதவில் ஒட்டலாம். வேண்டுமென்றே தலைமறைவாக இருக்கிறார் என்று கோர்ட் நம்பினால், அவர் கடைசியாக வசித்த பகுதியில் விற்பனையாகும் நாளிதழில் விளம்பரம் கொடுக்க உத்தரவிடலாம். அந்தப் பேப்பரை நீங்கள் படித்தீர்களா இல்லையா என்பது பிரச்னை இல்லை. விளம்பரம் வந்தால் நேரில் கொடுத்ததற்குச் சமம்.

30 நாள், 90 நாள்... சேலம் வழக்கறிஞர்கள் போட்ட வழக்கு

சம்மன் சேர்ந்த நாளிலிருந்து 30 நாளுக்குள் பிரதிவாதி தன் எதிருரையைத் தாக்கல் செய்ய வேண்டும். முடியாவிட்டால் காரணத்தைப் பதிவு செய்து கோர்ட் அவகாசம் கொடுக்கலாம். அதுவும் மொத்தம் 90 நாளுக்கு மேல் போகக் கூடாது என்கிறது கட்டளை 8-ன் முதல் விதி.

இந்த 90 நாள் கெடு 2002 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்தது. அப்போது கொண்டுவந்த சிவில் சட்டத் திருத்தங்களை எதிர்த்து உச்ச நீதிமன்றம் போனது நம் பக்கத்து ஊர்க்காரர்கள்தான். சேலம் வழக்கறிஞர் சங்கம் போட்ட அந்த வழக்கு இன்றும் நாடு முழுவதும் நீதிமன்றங்களில் அதே பெயரில் மேற்கோள் காட்டப்படுகிறது.

திருத்தங்கள் செல்லும் என்று சொன்ன உச்ச நீதிமன்றம், 2005 ஆகஸ்ட் 2-ம் தேதி கொடுத்த தீர்ப்பில் 90 நாள் கெடுவைப் பற்றி ஒரு விளக்கம் தந்தது. 90 நாள் தாண்டிவிட்டது என்பதற்காக மட்டும் கதவை அடித்துச் சாத்த வேண்டியதில்லை, நியாயமான காரணம் இருந்தால் நீதிமன்றம் எதிருரையை ஏற்கலாம் என்பதுதான் அது. கூடவே ஒரு எச்சரிக்கையும் இருந்தது. இதை வழக்கமாக்கிக்கொள்ளக் கூடாது. மிகக் கடினமான சூழல்களில் மட்டுமே இந்தச் சலுகை.

ஆனால் எல்லா வழக்குக்கும் இந்தச் சலுகை கிடையாது. 3 லட்சம் ரூபாய் அல்லது அதற்கு மேல் மதிப்புள்ள வணிகத் தகராறு வணிக நீதிமன்றச் சட்டத்தின் கீழ் போனால் 120 நாள்தான் கடைசி. அதற்கு மேல் ஒரு நாள்கூடக் கிடையாது என்று 2019-ல் உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது. நுகர்வோர் ஆணையத்தில் 30 நாளும், கூடுதலாக 15 நாளும்தான். இந்த 45 நாளைத் தாண்டி நீட்டிக்க முடியாது என்று 2020 மார்ச்சில் ஐந்து நீதிபதிகள் அமர்வு தீர்ப்பளித்தது. லாரி பாடி கட்டும் பட்டறையோ, தீவனக் கடையோ, மோட்டார் விற்கும் கடையோ வைத்திருப்பவர்கள் இந்த 45 நாளை மறக்கவே கூடாது.

'எக்ஸ்பார்ட்டி' என்றால் என்ன?

சம்மன் சேர்ந்தும் வாய்தா தேதியில் பிரதிவாதியும் வரவில்லை, அவருக்காக வக்கீலும் வரவில்லை என்றால், கோர்ட் அவரை 'எக்ஸ்பார்ட்டி' ஆக்கும். அதாவது அவர் இல்லாமலேயே வழக்கை நடத்த முடிவு செய்யும். பிறகு வழக்குப் போட்டவர் தன் தரப்பைப் பிரமாண வாக்குமூலமாகக் கொடுப்பார். ஆவணங்களைக் காட்டுவார். குறுக்கு விசாரணை செய்ய எதிரில் யாரும் இல்லை.

நம் விவசாயியின் கதைக்கு வருவோம். புரோநோட்டு கோர்ட்டில் இருக்கிறது, கையெழுத்தும் அவருடையது. அவர் 2 லட்சம் அனுப்பிய வங்கிப் பதிவு அவர் பாஸ்புக்கில் இருக்கிறது, பாஸ்புக்கோ அவர் வீட்டுப் பீரோவில் இருக்கிறது. நீதிபதிக்கு அது தெரிய வழியே இல்லை. கட்டிய 2 லட்சத்துக்கும் சேர்த்தே தீர்ப்பாணை வரும். அதோடு வட்டி, கோர்ட் செலவு.

"எதிர்த்தரப்பு வரலைன்னா கேட்டதெல்லாம் கிடைச்சிடுமா?" அப்படியும் இல்லை. எதிருரை இல்லை என்பதற்காகக் கண்ணை மூடிக்கொண்டு தீர்ப்பு எழுதக் கூடாது, வழக்கில் சொன்னது நிரூபணமாகியிருக்கிறதா என்று பார்க்க வேண்டும் என்று 1999-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. எக்ஸ்பார்ட்டி தீர்ப்பு என்றாலும் காரணங்களோடு எழுத வேண்டும், இரண்டு வரியில் முடிக்கக் கூடாது என்று சென்னை உயர் நீதிமன்றமும் 2011-ல் வலியுறுத்தியது. ஆனால் இந்தப் பாதுகாப்பை நம்பி வீட்டில் உட்கார்ந்திருக்க முடியாது. புரோநோட்டு மாதிரி கையெழுத்து உள்ள ஆவணம் எதிரில் இருந்தால் நீதிபதி என்ன செய்வார்?

தீர்ப்பாணை வந்த பிறகு: ஜப்தி முதல் ஏலம் வரை

பண வழக்கில் தீர்ப்பாணை வாங்கியவர் அதை நிறைவேற்ற 12 ஆண்டுகள் வரை மனுப் போடலாம். "ஆறு வருஷம் ஆச்சு, ஒண்ணும் நடக்கலையே" என்று நிம்மதியாக இருக்க முடியாது.

நிலம், வண்டி, வங்கிக் கணக்கு என எதையும் ஜப்தி செய்யக் கேட்கலாம். ஜப்தி செய்த சொத்தைக் கோர்ட் ஏலத்தில் விற்கலாம். சம்பளக்காரர் என்றால் சம்பளத்தில் முதல் 1,000 ரூபாயும், மீதியில் மூன்றில் இரண்டு பங்கும் தொட முடியாது. மீதம் மூன்றில் ஒரு பங்கைப் பிடிக்கலாம். 25,000 ரூபாய் சம்பளம் என்றால் மாதம் 8,000 ரூபாய் வரை.

சில பொருள்களைத் தொடக் கூடாது என்று அதே சட்டத்தின் 60-வது பிரிவு சொல்கிறது. உழவுக் கருவிகள், பிழைப்புக்குத் தேவையான மாடுகள், விதைத் தானியம், கைவினைஞரின் கருவிகள், விவசாயியோ கூலித் தொழிலாளியோ குடியிருக்கும் சொந்த வீடு ஆகியவை அதில் அடங்கும். ஆனால் "இது 60-வது பிரிவில் வருகிற வீடு" என்று கோர்ட்டில் சொல்ல நீங்கள்தான் போக வேண்டும். அங்கேயும் போகாவிட்டால் அந்தப் பாதுகாப்பும் கைநழுவும்.

கடனைக் கட்டாததற்காக சிவில் சிறைக்கு அனுப்பவும் சட்டத்தில் இடம் உண்டு. அதிகபட்சம் மூன்று மாதம். ஆனால் வசதி இருந்தும் கட்டாமல் ஏமாற்றுகிறார் என்று நிரூபித்தால்தான். கையில் பணம் இல்லாத ஏழையை ஏழை என்பதற்காகவே சிறையில் போட முடியாது என்று 1980-ல் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கிவிட்டது. பண வழக்கில் பெண்களைக் கைது செய்யவே முடியாது.

நில விவகாரம் இன்னும் ஆபத்தானது. கடனுக்கு ஈடாக, "சும்மா ஒரு பிடிமானத்துக்கு" என்று சொல்லிக் கிரய ஒப்பந்தம் எழுதி வாங்குவது பல ஊர்களில் நடக்கிறது. கடன் கொடுத்தவர் அந்த ஒப்பந்தத்தை வைத்து, "நிலத்தை எனக்கு எழுதித் தரச் சொல்லுங்க" என்று வழக்குப் போட்டால், எதிரில் யாரும் இல்லாதபோது அது உண்மையான விற்பனை ஒப்பந்தமாகவே கோர்ட்டுக்குத் தெரியும். தீர்ப்பாணை வந்தும் நீங்கள் கிரயம் எழுதித் தரவில்லை என்றால், உங்கள் சார்பில் கோர்ட்டே எழுதிக் கொடுத்துவிடலாம். உங்கள் கையெழுத்து தேவையில்லை.

எல்லா வழக்கும் ஒன்றல்ல

மேலே சொன்னது பொதுவான சிவில் வழக்கு. வழக்கின் வகைக்கு ஏற்ப விளைவு மாறும்.

செக் பவுன்ஸ்: இது குற்ற வழக்கு. வக்கீல் நோட்டீஸ் கைக்கு வந்த 15 நாளுக்குள் பணத்தைக் கட்டினால் வழக்கே வராது. கட்டவில்லை என்றால் அடுத்த ஒரு மாதத்துக்குள் மாஜிஸ்திரேட் கோர்ட்டில் புகார் போடலாம். நோட்டீஸுக்குப் பதிலே போடாதது புகார்தாரர் சொல்வதற்கு வலுச் சேர்க்கும் என்று 2010-ல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. கோர்ட் சம்மனுக்கும் போகாவிட்டால் வருவது வாரண்ட். முதலில் ஜாமீனில் விடக்கூடிய வாரண்ட் வரலாம், அதையும் மதிக்காவிட்டால் ஜாமீனில் விட முடியாத வாரண்ட். குற்றம் நிரூபணமானால் இரண்டு ஆண்டு வரை சிறை, அல்லது செக் தொகையைப் போல இரு மடங்கு வரை அபராதம், அல்லது இரண்டும்.

ஜீவனாம்சம்: 2024 ஜூலை 1 முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 144-வது பிரிவில் இந்த வழக்குகள் வருகின்றன. கணவர் வேண்டுமென்றே சம்மனைத் தவிர்த்தால் அவர் இல்லாமலேயே தொகை நிர்ணயம் ஆகும். அவருடைய உண்மையான வருமானம் எவ்வளவு என்று சொல்ல அவர் இருக்க மாட்டார். அந்த உத்தரவை ரத்து செய்யக் கேட்க மூன்று மாதம்தான் அவகாசம். பாக்கி வைத்தால், ஒவ்வொரு மாத பாக்கிக்கும் ஒரு மாதம் வரை சிறை வைக்க இடம் உண்டு.

விபத்து இழப்பீடு: லாரித் தொழிலுக்குப் பெயர்போன நாமக்கல் மாவட்டத்தில் இதை அழுத்திச் சொல்ல வேண்டும். விபத்து நடந்தால் வண்டி உரிமையாளரும் இன்சூரன்ஸ் கம்பெனியும் எதிர்மனுதாரர்கள். "இன்சூரன்ஸ் இருக்கே, அவங்க பாத்துக்குவாங்க" என்று உரிமையாளர்கள் போகாமல் விடுவது உண்டு. டிரைவரிடம் சரியான லைசென்ஸ் இல்லை, பெர்மிட் இல்லை என்று கம்பெனி வாதாடும்போது, ஆவணத்தோடு மறுக்க உரிமையாளர் அங்கே இல்லை. அப்போது தீர்ப்பாயம், "பாதிக்கப்பட்டவருக்கு இப்போது கம்பெனி கொடுக்கட்டும், பிறகு உரிமையாளரிடம் வசூலித்துக்கொள்ளட்டும்" என்று உத்தரவிட முடியும். இதற்கு 2004-ம் ஆண்டு உச்ச நீதிமன்றத் தீர்ப்பே அடிப்படை. லைசென்ஸ் நகலும் பெர்மிட் நகலும் கையில் இருந்தும் கொடுக்காமல் விட்டதால் பல லட்ச ரூபாய் தலையில் விழலாம்.

விவாகரத்து: ஒரு தரப்பு வராவிட்டால் எக்ஸ்பார்ட்டியாக விவாகரத்து கிடைக்கலாம். இந்து திருமணச் சட்டப்படி மேல்முறையீட்டுக்கு 90 நாள். அந்தக் காலம் மேல்முறையீடு இல்லாமல் முடிந்துவிட்டால் மறுமணம் செய்துகொள்ள சட்டத்தில் தடை இல்லை. அதன் பிறகு வந்து "எனக்குத் தெரியாது" என்று சொன்னால் சிக்கல் பல மடங்காகும்.

திரும்பி வர மூன்று வழிகள்

ஒன்று, தீர்ப்பாணை வருவதற்கு முன்பு. எக்ஸ்பார்ட்டி ஆக்கிவிட்டார்கள், ஆனால் வழக்கு இன்னும் முடியவில்லை என்றால், கட்டளை 9 விதி 7-ன் கீழ் மனுப் போட்டு, வராததற்குக் காரணம் சொல்லி உள்ளே வரலாம். காரணத்தைக் கோர்ட் ஏற்காவிட்டாலும், அந்தக் கட்டத்திலிருந்து விசாரணையில் பங்கெடுக்கும் உரிமை பிரதிவாதிக்கு உண்டு என்று 1955-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. மூன்றில் மிகவும் எளிய வழி இதுதான்.

இரண்டு, தீர்ப்பாணை வந்த பிறகு. கட்டளை 9 விதி 13-ன் கீழ் அதே கோர்ட்டில் ரத்து மனுப் போடலாம். இரண்டே காரணங்கள்தான் செல்லும். சம்மன் முறையாக எனக்குச் சேரவில்லை. அல்லது, சேர்ந்தது, ஆனால் போதுமான காரணத்தால் வர முடியவில்லை. அவகாசம் 30 நாள். இந்த 30 நாள் தீர்ப்பாணை தேதியிலிருந்து தொடங்கும். சம்மனே முறையாகச் சேரவில்லை என்றால், தீர்ப்பாணை பற்றித் தெரிந்த நாளிலிருந்து. ஈ.பி. நோட்டீஸைக் கையில் வாங்கிய நாள்தான் பெரும்பாலும் அந்த நாளாக இருக்கும். அதை வாங்கிக்கொண்டு மேலும் இரண்டு மாதம் யோசித்தால், கையில் இருக்கும் நல்ல காரணமும் வீணாகும்.

சம்மன் கொடுத்ததில் சின்னக் குறை இருக்கிறது என்பது மட்டும் போதாது. வாய்தா தேதி உங்களுக்குத் தெரிந்திருந்தது, வந்து பதில் சொல்ல நேரமும் இருந்தது என்று கோர்ட் கருதினால் ரத்து செய்யாது. ரத்து செய்தாலும் செலவுத் தொகை கட்டச் சொல்லலாம், பணத்தில் ஒரு பகுதியைக் கோர்ட்டில் டெபாசிட் செய்யச் சொல்லலாம். இன்னொன்றும் முக்கியம். ரத்து மனு போட்டதாலேயே ஜப்தி நிற்காது. அதற்குத் தனியாகத் தடை உத்தரவு வாங்க வேண்டும்.

மூன்று, மேல்முறையீடு. எக்ஸ்பார்ட்டி தீர்ப்பாணையை எதிர்த்தும் மேல்முறையீடு செய்யலாம். ஆனால் மேல்முறையீட்டில் தோற்றுவிட்டால் ரத்து மனு வழி அடைபட்டுவிடும். எந்த வழி, எப்போது என்பதை வக்கீலோடு உட்கார்ந்து முடிவு செய்ய வேண்டும்.

883 நாள் தாமதத்தை மன்னித்த வழக்கும், மன்னிக்காத வழக்கும்

30 நாள் தாண்டிவிட்டால், தாமதத்தை மன்னிக்கக் கோரி காலவரையறைச் சட்டத்தின் 5-வது பிரிவில் இன்னொரு மனுப் போட வேண்டும். இதில் அடிக்கடி மேற்கோள் காட்டப்படும் வழக்கு தமிழ்நாட்டிலிருந்து போனது.

சொத்துரிமை வழக்கு ஒன்றில் பிரதிவாதி மீது 1991 அக்டோபரில் எக்ஸ்பார்ட்டி தீர்ப்பாணை வந்தது. தெரிந்தவுடன் ரத்து மனுப் போட்டார். அந்த மனுவும், ஆஜராகாததால் 1993-ல் தள்ளுபடியானது. தன் வக்கீல் சொல்லாததால் இது தனக்குத் தெரியவே தெரியாது என்றார் அவர். 1995-ல் அவர் மறுபடி வந்தபோது தாமதம் 883 நாள். கீழ் கோர்ட் மன்னித்தது, சென்னை உயர் நீதிமன்றம் மறுத்தது. 1998-ல் உச்ச நீதிமன்றம் அவருக்கு வாய்ப்புக் கொடுத்தது. எத்தனை நாள் தாமதம் என்பது முக்கியமல்ல, சொல்லும் காரணம் ஏற்கத்தக்கதா என்பதே முக்கியம் என்றது. அவர் காரணத்துக்கு ஆதாரம் இருந்தது. வக்கீல் மீது நுகர்வோர் மன்றத்துக்கே போய் 50,000 ரூபாய் இழப்பீட்டு உத்தரவு வாங்கியிருந்தார். அப்படியும் எதிர்த்தரப்புக்கு 10,000 ரூபாய் கொடுக்கச் சொல்லித்தான் வாய்ப்பு கிடைத்தது.

மறுபக்கம் டெல்லி தம்பதி வழக்கு. 1989-ல் கணவருக்கு எக்ஸ்பார்ட்டியாக விவாகரத்து கிடைத்தது. நான்கு ஆண்டு கழித்து, 1993-ல் மனைவி ரத்து மனுப் போட்டார். உயர் நீதிமன்றம் அவருக்குச் சாதகமாக உத்தரவிட்டது. ஆனால் 2011-ல் உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. சம்மனை அவர் வாங்க மறுத்தார், பத்திரிகை விளம்பரமும் வந்தது, தாமதத்துக்குச் சரியான காரணமும் இல்லை என்று சொல்லி, கணவர் பெற்ற தீர்ப்பாணையை உறுதி செய்தது.

சமீப ஆண்டுகளில் உச்ச நீதிமன்றம் தாமத விஷயத்தில் கண்டிப்பைக் கூட்டியிருக்கிறது. 2024 ஏப்ரலில் 5,659 நாள் தாமதமான ஒரு மேல்முறையீட்டை மறுத்தபோது, இரக்கத்துக்காகக் காலவரையறைச் சட்டத்தை வளைக்க முடியாது என்ற நிலையை எடுத்தது.

கடன் உண்மைதான் என்றாலும் ஏன் போக வேண்டும்?

"வாங்கினது நெசம், கையில காசில்லை. போய் என்ன சொல்றது?" என்று நினைப்பவர்கள்தான் பெரும்பாலும் போகாமல் இருக்கிறார்கள். இவர்களுக்குத்தான் போவதால் லாபம் அதிகம். தீர்ப்புக்கு முன்பு ஆஜராகித் தன் நிலைமையைச் சொன்னால், தொகையைத் தவணையாகக் கட்டச் சொல்லி நீதிமன்றமே உத்தரவிட முடியும். தீர்ப்பாணை வந்த பிறகு தவணை வேண்டும் என்றால், கடன் கொடுத்தவர் சம்மதிக்க வேண்டும். வழக்கு நிலுவையில் இருக்கும்போதே மக்கள் நீதிமன்றத்தில் பேசி வட்டியைக் குறைத்து முடித்துக்கொள்ளவும் வழி உண்டு.

நம் விவசாயி போயிருந்தால், பாஸ்புக்கைக் காட்டி 2 லட்சம் கட்டியதைச் சொல்லியிருக்கலாம். மீதி 1 லட்சத்தையும் அதற்கான வட்டியையும் அறுவடைக்கு ஏற்பத் தவணையாகக் கேட்டிருக்கலாம்.

சம்மன் வந்தால் உடனே செய்ய வேண்டியது

வாங்கிக்கொள்ளுங்கள். வாங்குவது குற்றத்தை ஒப்புக்கொள்வது ஆகாது. வாங்கிய தேதியை உறை மேலேயே எழுதி வையுங்கள். 30 நாள் கணக்கு அதிலிருந்துதான். உறையைத் தூக்கிப் போடாதீர்கள்.

உண்மையான சம்மனா என்று சரிபாருங்கள். ஈ-கோர்ட்ஸ் இணையதளத்திலோ செயலியிலோ வழக்கு எண்ணையோ 16 இலக்க சி.என்.ஆர். எண்ணையோ போட்டால் வழக்கு விவரமும் அடுத்த வாய்தா தேதியும் வரும். வாட்ஸ்அப் வீடியோ காலில் வந்து "கோர்ட் ஆர்டர், உடனே பணம் அனுப்பு" என்று மிரட்டினால் அது மோசடி. 'டிஜிட்டல் அரெஸ்ட்' என்று சட்டத்தில் எதுவும் கிடையாது.

வாய்தா தேதிக்கு முன்பே வக்கீலைப் பாருங்கள். வக்காலத்தில் கையெழுத்துப் போட்டதோடு வேலை முடிந்தது என்று இருக்காதீர்கள். மேலே சொன்ன 883 நாள் கதை அதிலிருந்துதான் தொடங்கியது. ஒவ்வொரு வாய்தாவுக்குப் பிறகும் கேளுங்கள், செயலியிலும் பாருங்கள். ரசீது, பாஸ்புக், போனில் வந்த மெசேஜ், சாட்சி சொல்லக்கூடியவர்களின் பெயர் எல்லாவற்றையும் எதிருரை தயாராகும் முன்பே கொடுத்துவிடுங்கள்.

வக்கீலுக்குக் காசில்லை என்பது தடையாக இருக்க வேண்டியதில்லை. 1987-ம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணையச் சட்டப்படி பெண்கள், குழந்தைகள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள், தொழிற்சாலைத் தொழிலாளர்கள் ஆகியோர் வருமானம் எவ்வளவு என்றாலும் இலவச வழக்கறிஞர் கேட்கலாம். கொல்லிமலையிலிருந்து இறங்கி வரும் பழங்குடி மக்களுக்கும் இது பொருந்தும். மற்றவர்களுக்கு வருமான வரம்பு உண்டு. நாமக்கல்லில் உள்ள மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவிலோ, நீதிமன்ற வளாகங்களில் உள்ள வட்டச் சட்டப் பணிகள் குழுவிலோ மனுக் கொடுக்கலாம். கட்டணமில்லா உதவி எண் 15100.

ஏற்கெனவே தேதி தவறிவிட்டதா? இன்றே வழக்கின் நிலையைப் பாருங்கள். எக்ஸ்பார்ட்டி மட்டும்தான் என்றால் அடுத்த வாய்தாவுக்கு முன் மனுப் போடலாம். தீர்ப்பாணையே வந்துவிட்டது என்றால் 30 நாளில் எத்தனை மிச்சம் என்று எண்ணுங்கள். மிச்சம் இல்லை என்றால், தாமதத்துக்கான உண்மையான காரணத்தையும் ஆஸ்பத்திரிச் சீட்டு, பயணச் சீட்டு, வேலை செய்த இடத்துச் சான்று போன்ற அதற்கான ஆதாரத்தையும் திரட்டிக்கொண்டு வக்கீலிடம் போங்கள். இனி கழியும் ஒவ்வொரு நாளுக்கும் கோர்ட்டில் காரணம் சொல்ல வேண்டியது நீங்கள்தான்.

(இது பொதுவான சட்டத் தகவல். உங்கள் வழக்குக்கு எது பொருந்தும் என்பதை வழக்கறிஞரிடமோ சட்டப் பணிகள் ஆணைக்குழுவிலோ கேட்டு உறுதி செய்துகொள்ளவும்.)